ஏரியைக் காதால் வரைவது எப்படி? ஒலி வரைபடம் தொடங்குவோருக்கு ஒரு வழிகாட்டி

கார்த்திகை மாதம் விடியற்காலை 5 மணிக்கு எங்கள் ஊர் ஏரிக்கரையில் நின்றால் கண்ணுக்கு ஒன்றும் தெரியாது. ஆனாலும் ஏரி எந்த நிலையில் இருக்கிறது என்று சொல்லிவிடலாம். வடக்கே கலங்கலில் தண்ணீர் விழும் இரைச்சல் கேட்டால் ஏரி நிரம்பி வழிகிறது. மதகுப் பக்கம் சலசலப்பு கேட்டால் வயலுக்குத் தண்ணீர் திறந்திருக்கிறார்கள். தவளைகள் கரைக்கு வெளியே வயலில் கத்துகின்றனவா, உள்ளே கோரைப்புல்லில் கத்துகின்றனவா என்பதை வைத்தே தண்ணீர் எங்கெங்கே தேங்கி நிற்கிறது என்பது பிடிபடும். இதையெல்லாம் தாளில் குறித்து, மாதக்கணக்கில் பதிவுசெய்து, ஊரார் பார்த்தும் கேட்டும் புரிந்துகொள்ளும்படி ஆக்கினால் அதுதான் ஒலி வரைபடம்.

இதுவரை ஒலிப்பதிவே செய்யாதவர்களை மனத்தில் வைத்து இதை எழுதுகிறேன். எனக்கு நன்றாகத் தெரிந்தது ஏரி என்பதால் ஏரியையே எடுத்துக்கொள்கிறேன். உங்கள் பக்கம் ஆறோ, கடற்கரையோ, மலையடிவாரமோ இருந்தாலும் முறை பெரிதாக மாறாது. ஆறு பேர், ஓர் ஆண்டு, மாதத்துக்கு இரண்டு நாள். அவ்வளவு போதும்.

இந்த வேலையை முதலில் ஒழுங்காகச் செய்தவர்களில் கனடாவின் முர்ரே ஷேஃபர் முக்கியமானவர். இசையமைப்பாளர். சைமன் ஃபிரேசர் பல்கலைக்கழகத்தில் அவர் திரட்டிய குழு, முதலில் வான்கூவர் நகரத்தின் ஒலிகளைப் பதிவுசெய்தது. பிறகு 1975-இல் ஐரோப்பாவுக்குப் போய் ஸ்வீடன், ஜெர்மனி, இத்தாலி, பிரான்ஸ், ஸ்காட்லாந்து ஆகிய இடங்களில் நாட்டுக்கு ஒரு கிராமமாகத் தங்கிக் கேட்டது. சுமார் 25 ஆண்டுகளுக்குப் பிறகு பின்லாந்து ஆய்வாளர்கள் அதே ஐந்து ஊர்களுக்கும் போய் மறுபடி பதிவுசெய்தார்கள். பழைய பதிவு கையில் இருந்ததால்தான் என்ன மாறியது என்று அவர்களால் சொல்ல முடிந்தது.

இன்னொரு சம்பவம் என்னை அதிகம் பாதித்தது. அமெரிக்காவின் சியர்ரா நெவாடா மலையில் லிங்கன் மெடோ என்று ஒரு புல்வெளி. அதைச் சுற்றியுள்ள காட்டில் அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் மரம் வெட்டுவோம், காடு கெடாது என்று வெட்டுபவர்கள் உறுதி சொன்னார்கள். வெட்டும் முன், 1988-இல், இயற்கை ஒலிகளைப் பதியும் பெர்னி க்ராஸ் அங்கே விடியலைப் பதிவுசெய்தார். மரம் வெட்டி முடிந்தபின் அடுத்த ஆண்டு அதே இடத்தில், அதே பருவத்தில் மறுபடி பதிவுசெய்தார். இரண்டு புகைப்படங்களையும் பக்கத்தில் வைத்தால் வித்தியாசம் தெரியாது. ஒலியில் பறவைக் குரல்களில் பெரும்பகுதி காணாமல் போயிருந்தது.

நமக்கு இந்த எண்ணம் புதிதில்லை. ஒரு நிலத்தின் கருப்பொருள்களை அடுக்கும்போது தொல்காப்பியம் தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை ஆகியவற்றோடு பறையையும் யாழையும் சேர்க்கிறது. நிலத்தைப் பொழுதிலிருந்து பிரிப்பதும் இல்லை. முல்லைக்கு மாலை, குறிஞ்சிக்கு யாமம், மருதத்துக்கு வைகறை, நெய்தலுக்கு எற்பாடு, பாலைக்கு நண்பகல். ஏரியும் வயலும் மருதம், அதன் நேரம் விடியல். நீங்கள் வரையப்போகும் படத்துக்கு இதுவே அடிப்படை: எந்த இடம் என்பதோடு எந்தப் பொழுது என்பதும் இல்லாத ஒலிக்குறிப்பால் பயனில்லை.

முதல் படி: கருவி இல்லாமல் உட்காருங்கள்

முதல் இரண்டு முறை ரெக்கார்டரை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போங்கள். புதிதாக வருபவர்கள் எல்லாரும் எந்த மைக் வாங்கலாம் என்றுதான் முதலில் கேட்கிறார்கள். கேட்கப் பழகாத காதுக்கு நல்ல மைக் கிடைத்தும் பயனில்லை என்பது என் அனுபவம்.

ஒரு தாளும் பென்சிலும் போதும். தாளின் நடுவில் ஒரு பெருக்கல் குறி போடுங்கள். அது நீங்கள். வடக்கு எது என்று அம்புக்குறி போடுங்கள். உங்களைச் சுற்றி இரண்டு வட்டம். உள்வட்டம் கல்லெறி தூரம், வெளிவட்டம் கூப்பிடு தூரம். தூரத்தை ஒலியால் அளக்கும் சொல்லை நம் ஊர்க்காரர்கள் எப்போதோ உண்டாக்கி வைத்திருக்கிறார்கள், அதைப் பயன்படுத்திக்கொள்வோம். அப்புறம் 15 நிமிடம் அசையாமல் இருந்து, கேட்கும் ஒவ்வொன்றையும் அது வரும் திசையில், அது இருக்கும் தூரத்தில் குறியுங்கள். முதல் ஐந்து நிமிடத்தில் பத்து ஒலிகூடத் தேறாது. காது இறங்கி வர நேரம் பிடிக்கும். கடைசி ஐந்து நிமிடத்தில் தாள் நிறைந்துவிடும்.

பறவையின் பெயர் தெரியவில்லையே என்று தயங்காதீர்கள். வினைச்சொல்லை எழுதுங்கள். தமிழில் மயில் அகவும், காகம் கரையும், குயில் கூவும், ஆந்தை அலறும், வண்டு முரலும், புறா குனுகும், நரி ஊளையிடும். இந்தச் சொற்கள் பள்ளித் தேர்வோடு போய்விட்டன, ஆனால் கரையில் உட்கார்ந்தால் ஒவ்வொன்றும் எவ்வளவு துல்லியமானது என்று தெரியும். ‘ஏதோ குனுகுகிறது, புளியமரம் பக்கம், மூன்று மூன்றாக’ என்று எழுதினால் போதும். பெயரைப் பிறகு கண்டுபிடிக்கலாம்.

மூன்று வண்ணப் பென்சில் வைத்துக்கொள்ளுங்கள். உயிர்களின் ஒலிக்குப் பச்சை, காற்று, மழை, தண்ணீர் போன்ற நிலத்தின் ஒலிக்கு நீலம், மனிதரும் அவர்களுடைய இயந்திரமும் எழுப்பும் ஒலிக்குச் சிவப்பு. மாட்டுக் கழுத்து மணி எதில் சேரும் என்று கட்டாயம் சண்டை வரும். எங்கள் குழுவில் சிவப்பு என்று முடிவுசெய்தோம், நீங்கள் பச்சை என்று வைத்துக்கொள்ளலாம். எதுவாக இருந்தாலும் முதல் நாளிலேயே எழுதி வைத்து, ஆண்டு முழுவதும் மாற்றாதீர்கள்.

கண்ணுக்குத் தெரிந்து காதுக்குக் கேட்காததையும் ஓரத்தில் குறியுங்கள். நத்தைகுத்தி நாரையும் சங்குவளை நாரையும் வளர்ந்த பிறகு அநேகமாகக் குரல் எழுப்புவதில்லை, அலகைத் தட்டிக் ‘கடகட’ என்று ஒலி எழுப்பும். குஞ்சுகள்தான் கத்தும். ஆகவே நாரைகள் தங்கும் மரத்திலிருந்து திடீரென்று கத்தல் கேட்கத் தொடங்கினால் முட்டை பொரிந்திருக்கிறது என்று பொருள். தொலைநோக்கி இல்லாமலே தெரிந்துகொள்ளும் செய்தி இது.

இரண்டாம் படி: இடங்களைத் தேர்ந்தெடுங்கள்

ஆறு இடங்கள் போதும். ஒன்றுக்கொன்று 250 மீட்டராவது தள்ளி இருக்கட்டும், இல்லாவிட்டால் ஒரே குயிலை இரண்டு முறை எண்ணுவீர்கள். எங்கள் ஆறு இடங்கள்: பெரிய மதகு, கலங்கல், ஏரிக்குள் இருக்கும் கருவேல மரங்களுக்கு நேர்எதிர்க் கரை, பனைமர வரிசை, வயலில் ஒரு பம்புசெட், சாலை கரையைத் தொடும் திருப்பம்.

கடைசி இரண்டையும் பலர் விட்டுவிடப் பார்ப்பார்கள். வண்டிச் சத்தம் அழகைக் கெடுக்கிறது என்பார்கள். தயவுசெய்து விடாதீர்கள். வாழும் நிலத்தை வரைகிறோம், லாரியும் அதில் வாழ்கிறது. சாலை ஓரத்துப் பறவை தன் குரலை மாற்றிக்கொள்கிறதா, லாரி இல்லாத நேரம் பார்த்துக் கூவுகிறதா என்பதெல்லாம் அந்த இடத்தில் இருந்தால்தான் தெரியும்.

ஒவ்வோர் இடத்துக்கும் நிலையான அடையாளம் வேண்டும்: ஒரு கல், ஒரு மரம், மதகின் ஒரு தூண். போனில் ஜிபிஎஸ் எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். மைக் எந்தத் திசையைப் பார்த்தது, தரையிலிருந்து எவ்வளவு உயரம் என்பதையும் எழுதுங்கள்.

மூன்றாம் படி: பொழுதைத் தேர்ந்தெடுங்கள்

நாளுக்கு நான்கு வேளை: சூரியன் எழுவதற்கு அரை மணி முன், நண்பகல், சூரியன் மறையும் நேரம், இரவு 9 மணி. ஒவ்வோர் இடத்திலும் 10 நிமிடம். ஆறு பேர் மூன்று ஜோடியாகப் பிரிந்து, ஜோடிக்கு இரண்டு இடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த முறை வரிசையை மாற்றுங்கள், இல்லாவிட்டால் ஓர் இடத்துக்கு எப்போதும் விடியலின் முதல் பத்து நிமிடம், இன்னோர் இடத்துக்கு எப்போதும் கடைசிப் பத்து நிமிடம் என்று ஆகிவிடும். மாதத்தின் இரண்டு நாளில் ஒன்று சாதாரண வார நாள், ஒன்று ஞாயிறு.

விடியலை மட்டும் எந்தக் காரணத்துக்காகவும் விடாதீர்கள். இரவில் தரை குளிர்ந்து, தரையை ஒட்டிய காற்றும் குளிர்ந்து, மேலே இருக்கும் காற்று வெப்பமாக இருக்கும். அப்போது மேலே போகும் ஒலி வளைந்து மறுபடி தரைக்கே இறங்குகிறது. பகலில் கேட்காத தூரத்து ரயிலும் அடுத்த ஊர்க் கோயில் மணியும் அந்த நேரத்தில் கேட்பது இதனால்தான். காற்றும் அடங்கி இருக்கும். பறவைகளும் அந்த வேளையையே பயன்படுத்திக்கொள்கின்றன. எங்கள் பக்கம் பெரும்பாலும் முதலில் குரல் கொடுப்பது கரிச்சான், இருட்டு இருக்கும்போதே. பிறகு குயில், செம்போத்தின் அடிவயிற்றுக் குரல், கடைசியாக மைனாவும் காகமும். உங்கள் ஊரின் வரிசை வேறாக இருக்கலாம், அதைக் கண்டுபிடிப்பதுதான் உங்கள் முதல் ஆய்வு.

ஆண்டுச் சுழற்சியும் முக்கியம். ஐப்பசியில் முதல் கனமழை இறங்கியதும் அன்று இரவே போங்கள், அட்டவணையில் இல்லாவிட்டாலும் சரி. ‘நுணலும் தன் வாயால் கெடும்’ என்கிறோமே, அந்த நுணல் ஆண்டின் பெரும்பகுதி மண்ணுக்குள் புதைந்திருக்கும் தவளை. கண்ணால் தேடினால் அகப்படாது. மழை விழுந்த சில இரவுகளில் கத்தும், அந்தச் சில இரவுகளைத் தவறவிட்டால் உங்கள் வரைபடத்தில் அதற்கு இடமே இருக்காது. மஞ்சளாக நிறம் மாறிக் கத்தும் பெரிய தவளைகளும் அதே நாட்களில்தான்.

மார்கழியில் விடியற்காலை கோயில் ஒலிபெருக்கி பாடும், பறவைகளை அதற்கு ஊடே கேட்கவேண்டி வரும். தையில் அறுவடை இயந்திரம். பங்குனி, சித்திரையில் குயில் ஓயாது. ஆடியில் மட்டும் எதிர்பார்ப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள், அம்மியையே பறக்கவைக்கும் காற்று மைக்கை விட்டுவைக்காது.

நான்காம் படி: கருவி

போன் போதும், முதல் மூன்று மாதத்துக்கு. ஆனால் போனோடு வரும் ஆப் பல நேரங்களில் மனிதக் குரலை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை ‘இரைச்சல்’ என்று நீக்கிவிடும். நமக்கு வேண்டியது அந்த மற்றதுதான். ஆகவே வேவ் ஃபைலாகப் பதியும், இரைச்சல் நீக்கத்தை அணைக்க முடிகிற ஓர் ஆப்பைப் போட்டுக்கொள்ளுங்கள். ஏரோபிளேன் மோடில் வையுங்கள். கையில் பிடிக்காதீர்கள், விரல் உரசுவது இடி மாதிரிப் பதியும். மடித்த துண்டின் மேல் வைத்தால் போதும்.

பணம் செலவழிக்க முடிந்தால் சிறிய கையடக்க ரெக்கார்டர் வாங்கலாம். எதை வாங்கினாலும் மைக்குக்கு ஸ்பாஞ்ச் உறையும், திறந்த வெளிக்குப் பஞ்சுமுடி வைத்த உறையும் சேர்த்து வாங்குங்கள். ரெக்கார்டரில் மிச்சம் பிடித்து உறைக்குச் செலவழித்தாலும் தவறில்லை. இரவு முழுவதும் ஆள் இல்லாமல் பதிய வேண்டுமானால் ஆடியோமாத் என்ற சிறு கருவி இருக்கிறது. மூன்று ஏஏ பேட்டரியில் ஓடும், எந்த நேரம் விழித்துக்கொள்ள வேண்டும் என்று முன்பே சொல்லி வைக்கலாம். வௌவால் எழுப்பும், நம் காதுக்கு எட்டாத ஒலிகூட அதில் பதியும்.

அமைப்பு: 48,000 ஹெர்ட்ஸ், 24 பிட், ஸ்டீரியோ. இப்படிப் பதிந்தால் நிமிடத்துக்கு 17 எம்பிக்குக் கொஞ்சம் கூடுதலாக ஆகும். ஆறு இடம், நான்கு வேளை, பத்து நிமிடம் என்றால் நாளுக்குச் சுமார் 4 ஜிபி, ஆண்டுக்குச் சுமார் 100 ஜிபி. பயப்படும் அளவு இல்லை. எம்பி3 வேண்டாம். மனிதக் காது கவனிக்காது என்று அது கழித்துவிடும் நுணுக்கங்கள் நமக்குத் தேவைப்படும்.

ஐந்தாம் படி: பதியும் பத்து நிமிடம்

பதிவு ஓடத் தொடங்கியதும் வாய்விட்டுச் சொல்லுங்கள்: ‘நவம்பர் 23, ஞாயிறு, காலை 5.40, பெரிய மதகு, காற்று இல்லை, நேற்று இரவு மழை.’ ஃபைல் பெயர் மாறிப்போகலாம், நோட்டு நனையலாம், உள்ளே பேசியது போகாது. தொடக்கத்தில் நாங்கள் இதைச் செய்யவில்லை. முதல் மழையன்று எடுத்த தவளைப் பதிவுகள் எந்தக் கரையில் எடுத்தவை என்று இன்றுவரை எங்களுக்குத் தெரியாது. அந்த மழை மறுபடி வராது.

ரெக்கார்டரின் ஒலி அளவை, மிகப் பெரிய சத்தம் அதன் மீட்டரில் மைனஸ் 12 டெசிபலைத் தொடும்படி ஒருமுறை வைத்துவிட்டு, அந்த அளவை எழுதிக்கொள்ளுங்கள். பிறகு அதைத் தொடாதீர்கள். அமைதியான நாளில் அளவைக் கூட்டிப் பதிந்தால் இரண்டு நாளையும் ஒப்பிட வழியில்லாமல் போகும். அமைதியும் ஒரு தகவல்.

பதியும் நேரத்தில் மைக்கிலிருந்து பத்தடி தள்ளி உட்காருங்கள். சரசரக்கும் சட்டை வேண்டாம். இரவில் டார்ச் கட்டாயம், ஷூ கட்டாயம், தனியாகப் போகவே கூடாது. கரைப் புல்லில் பாம்பு இருக்கும்.

பறவையை வரவழைக்க அதன் குரலைப் போனில் போட்டுக் காட்டும் பழக்கம் சிலருக்கு உண்டு. செய்யாதீர்கள். வேறொரு பறவை தன் எல்லைக்குள் வந்துவிட்டது என்று அது பதறும், கூட்டை விட்டு வரும். சரணாலயத்துக்குள் பதிவுசெய்வதாக இருந்தால் வனத்துறையிடம் முன்கூட்டியே கேளுங்கள். மனிதர்களின் சொந்தப் பேச்சு பதிவாகிவிட்டால் அவர்களிடம் சொல்லுங்கள், வேண்டாம் என்றால் அந்தப் பகுதியை அழித்துவிடுங்கள்.

ஆறாம் படி: வீட்டில் கேட்பது

பதிவுசெய்த அதே வாரம் கேளுங்கள். தள்ளிப்போட்டால் குவிந்துவிடும், குவிந்தால் யாரும் கேட்க மாட்டார்கள். ஆடாசிட்டி என்ற இலவச மென்பொருளில் ஃபைலைத் திறந்து ஸ்பெக்ட்ரோகிராம் காட்சிக்கு மாற்றுங்கள். இடமிருந்து வலம் நேரம், கீழிருந்து மேல் சுருதி. செம்போத்தின் ‘ஊப் ஊப்’ தரையோடு தரையாகக் கிடக்கும். குயிலின் கூவல் படிப்படியாக ஏறும் கோடுகள். சுவர்க்கோழியின் ரீங்காரம் மேலே விடாத பட்டை. ஒன்றன் மேல் ஒன்று ஏறாமல் ஆளுக்கொரு உயரத்தில் இடம் பிடித்திருப்பதைப் பல விடியல்களில் காண்பீர்கள். உயிர்கள் ஒலியிலும் இடத்தைப் பங்கிட்டுக்கொள்கின்றன என்று க்ராஸ் சொன்னது இதை வைத்துத்தான்.

மெர்லின், பேர்ட்நெட் போன்ற ஆப்கள் பெயர் சொல்லும். அதைக் குறிப்பாக வைத்துக்கொள்ளுங்கள், சாட்சியாக வேண்டாம். கரிச்சான் மற்றப் பறவைகளின் குரலைப் போலச் செய்யக்கூடியது, ஆப் ஏமாறும். குழுவில் இருவர் தனித்தனியாகக் கேட்டு ஒத்துப்போனால்தான் எங்கள் பட்டியலில் பெயர் ஏறும்.

கேட்கும்போது குழந்தைகளையும் கூப்பிடுங்கள். வயது ஏற ஏற உச்சச் சுருதி நம் காதிலிருந்து நழுவுகிறது. ‘அங்கே ஒரு பூச்சி கத்துதே’ என்று ஒரு பத்து வயதுப் பெண் சொன்னபோது எங்களில் யாருக்கும் கேட்கவில்லை. ஸ்பெக்ட்ரோகிராமில் பார்த்தோம், இருந்தது.

ஏழாம் படி: ஊரைக் கேளுங்கள்

இதற்குத்தான் அதிக நேரம் ஒதுக்க வேண்டும். உங்கள் மைக் இன்றிலிருந்துதான் கேட்கிறது. அறுபது ஆண்டுகளாகக் கேட்டவர்கள் ஊரில் இருக்கிறார்கள்.

‘ஏரியிலே முன்னாடி என்ன சத்தம் கேக்கும், இப்ப கேக்கல?’ என்ற ஒரே கேள்வியோடு போங்கள். எங்களுக்குக் கிடைத்தவை: ஏற்றம் இறைப்பவர் எண்ணிக்கை சொல்லிப் பாடிய பாட்டு, ஆயில் எஞ்சினின் ‘டுக் டுக்’, நரி ஊளை, மதகைத் திறக்கும் முன் வயலில் இருப்பவர்களுக்குக் கொடுத்த குரல். அவற்றைத் தாளில் விடுபட்ட கோடாக வரைந்தோம். நீர்மூழ்கி மோட்டார் வந்தபின் தண்ணீர் இறைப்பதற்கு வயலில் சத்தமே இல்லை என்று ஒரு பாட்டி சொன்னதும்தான், பம்புசெட் இடத்தில் நாங்கள் எதைக் கேட்கவில்லை என்பது புரிந்தது.

மறைந்த ஒலி எல்லாவற்றுக்கும் ஏங்க வேண்டியதில்லை. தண்டோராவைச் சொல்வார்கள். அதை அடிக்கவேண்டிய கட்டாயம் யார் மேல் விழுந்தது, அவர்கள் எந்தத் தூரத்தில் நிறுத்தப்பட்டார்கள் என்பதையும் கேட்டு, சேர்த்து எழுதுங்கள். 2022-இல் தமிழக அரசே அந்த வழக்கத்தை விடச் சொன்னது.

ஓர் ஊர் தன் ஒலியைத் தானே முடிவுசெய்ய முடியும் என்பதற்கு வேடந்தாங்கல் இருக்கிறது. சிப்பாய்கள் பறவைகளைச் சுடுவதை எதிர்த்து ஊரார் முறையிட்டு, 1798-இல் செங்கல்பட்டு கலெக்டர் லயனல் பிளேஸிடம் பாதுகாப்பு உத்தரவு வாங்கினார்கள். இன்றும் சுற்றுவட்டாரத்தில் தீபாவளிக்கு வெடி வெடிப்பதைத் தவிர்க்கிறார்கள். சிவகங்கை மாவட்டத்தில் வேட்டங்குடி சரணாலயத்தை ஒட்டிய கொள்ளுக்குடிப்பட்டியிலும் அப்படித்தான். உங்கள் ஊரில் தீபாவளி இரவையும் அதற்கு மறுநாள் விடியலையும் பதியுங்கள். அடுத்த ஆண்டு பேச்சுக்கு அது உதவும்.

எட்டாம் படி: வரைதல்

மூன்று தாள் வரையுங்கள். முதல் தாள் இடம்: கிராம வரைபடத்தின் மேல் ஆறு புள்ளி, ஒவ்வொன்றைச் சுற்றிலும் பச்சை, நீலம், சிவப்பு. ஒரு ஒலி எதுவரை கேட்கிறது என்ற எல்லைக்கோடும் வேண்டும், உதாரணமாக, கலங்கல் இரைச்சல் எந்தத் தெருவரை எட்டுகிறது என்று நடந்து பார்த்துப் போடுங்கள். இரண்டாம் தாள் நாள்: கடிகாரம் போல 24 மணி வட்டம். மூன்றாம் தாள் ஆண்டு: சித்திரையிலிருந்து பங்குனி வரை பன்னிரண்டு கட்டம். கணினியில் செய்ய விரும்பினால் கியூஜிஸ் என்ற வரைபட மென்பொருள் இலவசம், ஆனால் சார்ட் தாளில் கையால் வரைந்ததைத்தான் டீக்கடையில் விரித்துக் காட்ட முடியும். எங்கள் படத்தில் மூன்று தவறுகளை அங்கேதான் திருத்தினார்கள்.

அரிதான பறவை கூடு கட்டும் இடத்தைத் துல்லியமாகப் போடாதீர்கள். கரையின் பெயர் போதும்.

ஒன்பதாம் படி: பாதுகாத்தல்

ஃபைல் பெயர் ஆண்டு, மாதம், தேதி, நேரம், இடம் என்ற வரிசையில் இருக்கட்டும்: 2025_11_23_0540_மதகு. மூலப் பதிவை வெட்டாதீர்கள், திருத்துவதெல்லாம் பிரதியில். இரண்டு ஹார்ட் டிஸ்க், இரண்டும் வேறு வேறு வீட்டில். மூன்றாவது பிரதியை ஊர்ப் பள்ளிக்குக் கொடுங்கள். அதோடு ஒரு அட்டையும்: ஆறு இடங்களின் அடையாளம், மைக்கின் உயரமும் திசையும், ஒலி அளவு எண், மாட்டு மணி எந்த வண்ணம் என்பது. உங்களை அறியாத ஒருவர் 2050-இல் அதே மதகில் நின்று பதிவுசெய்ய இந்த நான்கும் வேண்டும்.